எடை பார்க்கும் அறையைத் திறந்து வையுங்கள்

மருத்துவமனை நிர்வாகத்தினருக்கும், மகப்பேறு மற்றும் குழந்தைகள் பிரிவு மருத்துவர்களுக்கும்,

ஜூன் கடைசி வாரத்தில், தரைத்தளத்து மூலையில் இருக்கும் அந்தச் சின்ன அறையின் கதவில் ஒரு தாள் ஒட்டியிருந்தீர்கள். "பிறந்த குழந்தைகளுக்கான மூன்றாம் நாள் எடை பரிசோதனை நிறுத்தப்படுகிறது. தேவைப்படுவோர் ஓ.பி.யை அணுகவும்." இரண்டே வரி. என் மகனை இடுப்பில் வைத்துக்கொண்டு அதைப் படித்தேன். பால் போதாமல் உடம்பில் நீர் வற்றி என் மகனுக்கு மூளையில் ரத்தம் உறைந்ததைச் சொல்லி, அந்த அறையை மூட வேண்டாம் என்று உங்களுக்குக் கடிதம் எழுதினேன். மூன்று வாரம் கழித்து வந்த பதிலில், குழந்தைகளுக்கு மூளைச் சிரைகளில் ரத்தம் உறைவது லட்சத்தில் ஒருவருக்குக்கூட வராத நோய் என்றும், அதற்காக ஒரு நர்ஸைத் தனியாக ஒதுக்க இயலாது என்றும் எழுதியிருந்தீர்கள்.

அந்தப் பதிலை என்னால் மடித்து வைத்துவிட முடியவில்லை. அதனால்தான் இதை எல்லோரும் படிக்கும்படி எழுதுகிறேன். உங்கள் மருத்துவமனையின் பெயரை எழுதப் போவதில்லை. எழுதினால் படிப்பவர்கள் உங்களை மட்டும் திட்டிவிட்டு, தங்கள் ஊர் ஆஸ்பத்திரியில் எல்லாம் சரியாக நடக்கிறது என்று நம்பிவிடுவார்கள். உங்களுக்கு நான் யாரென்று தெரியும். அது போதும்.

அந்த அறை எதனால் வந்தது என்பதை உங்களில் புதிதாக வந்தவர்கள் அறிய மாட்டார்கள்.

2023 ஏப்ரலில் என் மகன் உங்களிடம்தான் பிறந்தான். சுகப் பிரசவம். எடை 2 கிலோ 950 கிராம். முதல் பேறு என்பதால் கருங்கல் பக்கம் என் அம்மா வீட்டுக்கு வந்திருந்தேன். என் வீட்டுக்காரர் தேங்காய்ப்பட்டணத்திலிருந்து ஆழ்கடலுக்குப் போயிருந்தார். போனால் திரும்பி வர ஒரு மாதம்கூட ஆகும். இரண்டாம் நாள் மதியம் எங்களை வீட்டுக்கு அனுப்பினீர்கள். அனுப்பும்போது பிள்ளையை மறுபடி எடை போடவில்லை. பால் குடிக்கிறானா என்று கேட்டார்கள், குடிக்கிறான் என்று சொன்னேன். முதல் பிள்ளை பெற்ற எனக்கு, மார்பில் வாய் வைத்திருப்பதற்கும் பால் இறங்குவதற்கும் வித்தியாசம் எப்படித் தெரியும்? ஒரு தடவைகூட யாரும் பக்கத்தில் உட்கார்ந்து அவன் விழுங்குகிறானா என்று பார்க்கவில்லை. ஆனால் டிஸ்சார்ஜ் சம்மரியில் "நன்றாகப் பால் குடிக்கிறது" என்று எழுதியிருக்கிறது. அந்த வரியை நான் பிறகு எத்தனையோ தடவை படித்திருக்கிறேன்.

மூன்றாம் நாள் அவன் அழவில்லை. என் அம்மா சந்தோஷப்பட்டார். "நல்ல அடக்கமுள்ள பிள்ளை, ஒரு கரைச்சல் இல்ல" என்று பார்க்க வந்தவர்களிடம் எல்லாம் சொன்னார். எனக்கு மட்டும் நெஞ்சுக்குள் ஏதோ உறுத்தியது. வார்டுக்குப் போன் செய்தேன். எடுத்தவர் அன்பாகத்தான் பேசினார். "முதப் பிள்ளையா? அதான் பயம். உறங்குற பிள்ளைய எழுப்பாண்டாம் மக்கா. பசிச்சா தானா எழும்பும்."

அந்த சிஸ்டரை நான் குறை சொல்லவில்லை. அவருக்கு யாரும் வேறு விதமாகச் சொல்லிக்கொடுக்கவில்லை. ஆனால் பசித்தால் தானாக எழும்பும் என்பது பலமுள்ள பிள்ளைக்குத்தான் பொருந்தும். போதுமான பால் கிடைக்காத பிள்ளை முதலில் அழும், பிறகு அழுவதற்கும் பலமில்லாமல் உறங்கிவிடும். நாங்கள் அடக்கம் என்று நினைத்தது அவனுடைய சோர்வு.

நான்காம் நாள் துணியில் செங்கல் நிறத்தில் ஒரு கறை இருந்தது. ரத்தமோ என்று பயந்தேன். பக்கத்து வீட்டுப் பாட்டி, உஷ்ணம், வெயில் காலம் அப்படித்தான் என்றார். சிறுநீர் மிகவும் கெட்டியாகிப்போனால் அந்த நிறத்தில் படியும் என்று பின்னால் தெரிந்துகொண்டேன். அன்று முழுவதும் இரண்டே துணிதான் நனைந்தது. எத்தனை நனைய வேண்டும் என்று எனக்கு யாரும் சொல்லியிருக்கவில்லை.

ஐந்தாம் நாள் காலையில் கண்ணும் முகமும் மஞ்சளாக இருந்தன. அதோடு இன்னொன்றும் பார்த்தேன். அவன் இரண்டு காலையும் சைக்கிள் மிதிப்பது போல ஆட்டினான். உதட்டைச் சப்புக்கொட்டினான். கண் ஒரே பக்கமாக நிலைகுத்தி நின்றது. அரை நிமிடம் இருக்கும். மறுபடி ஒரு மணி நேரத்தில் அதே மாதிரி. இரண்டாவது தடவை போனில் வீடியோ எடுத்தேன்.

உங்கள் ஓ.பி.யில் எடை போட்டார்கள். 2 கிலோ 480 கிராம். என் கண் முன்னால்தான் அதைச் சீட்டில் எழுதினார்கள். ஐந்து நாளில் 470 கிராம், பிறந்த எடையில் ஏறக்குறைய 16 சதவீதம் போயிருந்தது. அந்தக் கணக்கை யாரும் போடவில்லை. மஞ்சள் காமாலை என்று சொல்லி நீல விளக்கின் கீழ் வைத்தார்கள். அந்த விளக்கு சூட்டில் உடம்பு நீர் இன்னும் கொஞ்சம் போகும் என்று பின்னால் தெரிந்தது. வீடியோவை நீட்டினேன். "பிள்ளைங்க கனவு காணும்போது அப்படி ஆட்டும்" என்று சொல்லி, போனைக் கையில் வாங்காமலே போய்விட்டார் அந்த இளம் மருத்துவர்.

இரவு பதினொன்றரைக்கு அவன் மூச்சை நிறுத்தினான். உதடு நீலமாகியது.

அதற்குப் பிறகு நீங்கள் வேகமாகத்தான் செயல்பட்டீர்கள். அதை மறைக்க மாட்டேன். மூச்சை மீட்டீர்கள், ரத்தம் எடுத்தீர்கள். சோடியம் 168 என்று வந்தது. 135 முதல் 145 வரை இருக்க வேண்டியது. உடம்பில் தண்ணீர் வற்றி, இருக்கிற ரத்தத்தில் உப்பு மிஞ்சிப்போயிருந்தது. ஆம்புலன்ஸ் ஏற்பாடு செய்தீர்கள். குழித்துறை, களியக்காவிளை, பாறசாலை, நெய்யாற்றின்கரை என்று ஒவ்வொரு ஊராகப் பெயர்ப்பலகையை எண்ணிக்கொண்டே திருவனந்தபுரம் போனேன். ஒன்றேகால் மணி நேரம். பிரசவமாகி ஐந்து நாளான உடம்போடு அந்த வண்டியில் உட்கார்ந்திருந்ததை இன்று நினைத்தாலும் அடிவயிறு சுருங்குகிறது.

அங்கே முதலில் உச்சிக்குழி வழியாக ஒரு ஸ்கேன் பார்த்தார்கள். மூளையின் நடுப்பகுதியில், தலாமஸ் என்ற இடத்தில் இடது பக்கம் ரத்தம் கசிந்திருந்தது. நிறைமாதத்தில் பிறந்த பிள்ளைக்கு அந்த இடத்தில் ரத்தம் கசிந்தால் சிரைகளைக் கட்டாயம் பார்க்க வேண்டும் என்று அங்கிருந்த மருத்துவர் சொன்னார். விடியற்காலையில் எம்.ஆர்.ஐ., கூடவே சிரைகளைத் தனியாகக் காட்டும் வெனோகிராம் எடுத்தார்கள். உச்சந்தலையில் முன்னிருந்து பின்னாக ஓடும் பெரிய சிரைக்குழாயிலும், மூளையின் ஆழத்திலிருந்து ரத்தத்தை வெளியே கொண்டுவரும் குழாயிலும் ரத்தம் உறைந்திருந்தது.

"மூளை நரம்புல ரத்தம் கட்டிடுச்சா டாக்டர்?" என்று கேட்டேன். நாம் எல்லாவற்றையும் நரம்பு என்றுதானே சொல்லிப் பழகியிருக்கிறோம். அவருக்குத் தமிழ் தெரியும். பொறுமையாகச் சொன்னார். நரம்பு வேறு, சிரை வேறு. தமனி வழியாக மூளைக்குள் போன ரத்தம் சிரை வழியாகத்தான் வெளியே வடிய வேண்டும். அந்த வடிகால் அடைத்துக்கொண்டால் வந்த ரத்தம் போக வழியில்லாமல் தேங்கும். அழுத்தம் ஏறும். மூளை வீங்கும், மெல்லிய குழாய்கள் வெடித்துக் கசியும். எங்கள் கடற்கரையில் தூர்ந்து கிடக்கும் ஏ.வி.எம். கால்வாய்தான் எனக்கு நினைவுக்கு வந்தது. கால்வாய் அடைத்தால் மழைத் தண்ணீர் கடலுக்குப் போகாமல் வீட்டுக்குள் ஏறும். என் பிள்ளையின் தலைக்குள் அதுதான் நடந்திருந்தது.

ஏன் பிறந்த குழந்தைக்கு என்று கேட்டேன். பிரசவத்தில் மண்டையோட்டு எலும்புகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறி இறங்கும்போது அந்தச் சிரைகள் நசுங்கலாம். பிறந்த சமயத்தில் ரத்தம் உறையும் தன்மையும் தடுக்கும் தன்மையும் இன்னும் சமநிலைக்கு வந்திருக்காது. கிருமித் தொற்று, மூச்சுத் திணறல், இதயக் கோளாறு ஆகியவையும் காரணமாகலாம். இத்தனைக்கும் மேலே உடம்பில் நீர் வற்றிப்போனால் ரத்தம் தடித்து மெல்ல ஓடும். மற்ற காரணங்கள் பலவற்றை யாராலும் முன்கூட்டித் தடுக்க முடியாது. நீர் வற்றுவதைத் தடுக்கலாம். அதைக் கண்டுபிடிக்க எம்.ஆர்.ஐ. வேண்டாம், ஒரு தராசு போதும்.

இந்த இடத்தில்தான் உங்கள் பதில் கடிதத்தோடு எனக்கு வழக்கு.

லட்சத்தில் ஒருவருக்குக்கூட இல்லை என்ற கணக்கு எங்கிருந்து வந்தது என்று தேடிப் படித்தேன். கனடாவில் குழந்தைகளுக்கு வரும் மூளை ரத்த அடைப்புகளைப் பதிவுசெய்யும் நாடு தழுவிய பதிவேட்டிலிருந்து வந்த ஆய்வு அது. 2001-இல் நியூ இங்கிலாந்து ஜர்னல் ஆஃப் மெடிசினில் வெளியானது. 160 குழந்தைகள். ஆண்டுக்கு லட்சம் குழந்தைகளில் 0.67 பேர். நீங்கள் சொன்னது சரிதான். ஆனால் அதே ஆய்வில் இன்னும் சில எண்கள் இருக்கின்றன. அந்தக் குழந்தைகளில் 43 சதவீதம் பேர் பிறந்து ஒரு மாதம்கூட ஆகாதவர்கள். 58 சதவீதம் பேருக்கு வலிப்பு வந்திருந்தது. 38 சதவீதம் பேருக்கு நரம்பியல் பாதிப்பு தங்கியது. 8 சதவீதம் பேர் இறந்தார்கள், அதில் பாதிப் பேர் இந்த உறைவினாலேயே. அரிது என்ற ஒரு எண்ணை மட்டும் எடுத்துக்கொண்டு மற்றதை விட்டுவிடுவது நியாயமில்லை. அதுவும் கண்டுபிடித்துப் பதிவு செய்யப்பட்டவர்களின் கணக்குத்தான். வீடியோவைப் பார்க்காமல் கனவு என்று சொல்லி அனுப்பப்படும் பிள்ளைகள் எந்தப் பதிவேட்டிலும் ஏறுவதில்லை.

தவிர, அந்தத் தராசு இந்த ஒரு நோய்க்காக மட்டும் வைத்ததில்லை. தாய்ப்பால் சரியாக இறங்காமல் எடை குறையும் பிள்ளைகள் அரிதா? மஞ்சள் காமாலை அரிதா? உங்கள் வார்டில் தினமும் பார்ப்பவைதானே. என் மகனுக்கு வந்தது அந்த வரிசையின் கடைசி முனை. முதல் முனையிலேயே பிடித்துவிடலாம் என்பதற்காகத்தான் 2023 அக்டோபரில் அந்த அறையைத் திறந்தீர்கள். நான் மூன்று தடவை வந்து கேட்ட பிறகு திறந்தீர்கள். அப்போதிருந்த தலைமை மருத்துவர் என் கையைப் பிடித்துக்கொண்டு, "இது உன் பிள்ளைக்காக" என்று சொன்னார். அதை நான் மறக்கவில்லை.

அந்த அறையில் என்ன நடந்தது என்று நான் நேரில் பார்த்திருக்கிறேன். மகனைத் தெரபிக்குக் கூட்டிக்கொண்டு வரும் செவ்வாய்க்கிழமைகளில் வெளியே இருந்த பெஞ்சில்தான் காத்திருப்பேன். ஒரு நாள் கொல்லங்கோட்டுப் பக்கத்திலிருந்து ஒரு பெண் வந்தாள். இருபது வயதுதான் இருக்கும். பிள்ளை 2 கிலோ 700 பிறந்தது, அன்று 2 கிலோ 400. சிஸ்டர் பதறவில்லை, திட்டவில்லை. கதவைச் சாத்திவிட்டு அவள் பக்கத்தில் உட்கார்ந்தார். பிள்ளையின் வாய் காம்பை மட்டும் பிடிக்கிறது, கறுப்பு வளையம் முழுவதும் உள்ளே போகவில்லை என்று காட்டிக்கொடுத்தார். பாலைப் பீய்ச்சி, பாலாடை என்ற சின்ன மூக்குக் கிண்ணத்தால் புகட்டச் செய்தார். மறுநாள் திரும்ப வரச் சொன்னார். அடுத்த செவ்வாய் அவள் வந்தபோது பிள்ளை பெருங்குரலில் அழுதுகொண்டிருந்தது. அந்த அழுகையைக் கேட்டு எனக்குக் கண்ணீர் வந்தது. ஒரு தராசு, ஒரு நாற்காலி, விஷயம் தெரிந்த ஒரு சிஸ்டர். அங்கே இருந்தது அவ்வளவுதான். அதைத்தான் மூடியிருக்கிறீர்கள்.

"தேவைப்படுவோர் ஓ.பி.யை அணுகவும்" என்கிறீர்கள். தேவைப்படுகிறது என்று அந்தத் தாய்க்கு எப்படித் தெரியும்? எனக்குத் தெரியவில்லையே. என் அம்மாவுக்கும் தெரியவில்லை, உங்கள் வார்டில் போனை எடுத்தவருக்கும் தெரியவில்லை. நோய் வந்த பிறகு வருகிற இடம் ஓ.பி. அதற்கு முந்தின நாள் வருவதற்குத்தான் இந்த அறை இருந்தது.

இது நான் மட்டும் சொல்கிற யோசனையும் இல்லை. பிறந்த குழந்தையை 48 மணி நேரத்துக்கும் 72 மணி நேரத்துக்கும் இடையில் ஒரு தடவை பார்க்க வேண்டும் என்று உலக சுகாதார நிறுவனம் 2022-இல் சொல்லியிருக்கிறது. ஆஸ்பத்திரியில் பிறந்த பிள்ளைகளையும் மூன்றாம் நாள், ஏழாம் நாள் என்று வீட்டுக்கே போய்ப் பார்க்க வேண்டும் என்பது நம் நாட்டுத் திட்டத்திலும் இருக்கிறது. பேறுக்குத் தாய் வீட்டுக்குப் போவது நம் ஊர் வழக்கம். முகவரி ஒரு ஊரில், பெண் இருப்பது இன்னொரு ஊரில். அந்த இடைவெளியில் நான் விழுந்தேன். கிராம சுகாதார நர்ஸ் என் மாமியார் வீட்டுக்குத்தான் தேடிப் போயிருந்தார்.

மருந்தைப் பற்றியும் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் நாள் கடத்தினால் என்ன ஆகும் என்பதை நீங்கள் கட்டிலின் அந்தப் பக்கத்திலிருந்து பார்த்ததில்லை. சோடியத்தை ஒரேயடியாக இறக்கக் கூடாதாம். வேகமாக இறக்கினால் மூளை வீங்கி வலிப்பு கூடும். இரண்டு நாளுக்கு மேல் எடுத்து மெல்ல மெல்ல இறக்கினார்கள். ரத்தம் கசிந்திருந்ததால் உறைவைத் தடுக்கும் ஊசியை உடனே தொடங்கத் தயங்கினார்கள். போட்டால் கசிவு கூடலாம், போடாவிட்டால் உறைவு வளரலாம். ஐந்து நாள் பொறுத்து மறுபடி ஸ்கேன் எடுத்தார்கள். உறைவு வளர்ந்திருந்தது. அதன் பிறகுதான் தோலுக்கு அடியில் போடும் ஹெப்பாரின் தொடங்கியது. காலையும் இரவும். மூன்று மாதம். இன்சுலின் ஊசியில் ஐந்து கோடு அளவு மருந்து. ஒரு கோடு கூடினாலும் தப்பு, குறைந்தாலும் தப்பு. வீட்டுக்கு வந்த பிறகு அதை அவனுடைய தொடையில் போட்டது நான்தான். ஒரு சாண் நீளம்கூட இல்லாத தொடை. இடது வலது என்று மாற்றி மாற்றிப் போடுவேன், எந்தப் பக்கம் போட்டேன் என்று காலண்டரில் குறித்து வைப்பேன். அந்தக் காலண்டர் இன்னும் இருக்கிறது.

அவனுடைய அப்பாவுக்கு வயர்லெஸ்ஸில் செய்தி சொல்லி, அவர் வேறொரு படகில் ஏறிக் கரைக்கு வந்து சேர்ந்தபோது பிள்ளைக்குப் பதினாறு நாள். ஐ.சி.யூ. கண்ணாடிக்கு வெளியே நின்று நடந்ததை எல்லாம் கேட்டார். ஒரே ஒரு கேள்விதான் கேட்டார். "துறையில ஒரு சூரை மீனக்கூட தராசுல வைக்காம வெளிய விடமாட்டோம். பிள்ளைய எட போடாமலா அனுப்புனாங்க?" அவர் கோபத்தில் கேட்கவில்லை. உண்மையாகவே அவருக்குப் புரியவில்லை. எனக்கும் பதில் தெரியவில்லை. அந்தக் கேள்வியை உங்களிடம் ஒப்படைக்கிறேன்.

இப்போது மகனுக்கு இரண்டேகால் வயது. சிரிக்கிறான், அம்மா என்கிறான், கடலைப் பார்த்தால் குதிக்கிறான். வலது கையை மூடியே வைத்திருக்கிறான். எதை நீட்டினாலும் இடது கைதான் வரும். ஏழு மாதத்தில் இடது கையால் மட்டும் எட்டிப் பிடித்தபோது உறவினர்கள் இடக்கைப் பழக்கம் என்றார்கள். ஒரு வயதுக்கு முன்னால் ஒரு கையை மட்டும் பயன்படுத்தினால் அது பழக்கமில்லை, மற்றக் கையின் பலவீனம் என்று தெரபிஸ்ட்தான் சொன்னார். வலிப்பு மருந்து தொடர்கிறது. உறக்கத்தில் மூளையின் மின்னோட்டம் எப்படி இருக்கிறது என்று அவ்வப்போது பார்க்கச் சொல்லியிருக்கிறார்கள். தலாமஸில் கசிவு ஏற்பட்ட பிள்ளைகளுக்குப் பிறகு அந்தத் தொல்லை வரக்கூடுமாம். ஒவ்வொரு இரவும் அவன் காலை ஆட்டினால் நான் விழித்துக்கொள்கிறேன்.

பிறந்த குழந்தைகளோடு இது முடிந்துவிடுவதில்லை. திருவனந்தபுரத்தில் எங்கள் பக்கத்துக் கட்டிலுக்கு அருமனைப் பக்கத்திலிருந்து ஏழு வயதுச் சிறுமி வந்திருந்தாள். மாதக்கணக்காகக் காதில் சீழ் ஒழுகியிருக்கிறது. சொட்டு மருந்து விட்டுக்கொண்டே இருந்திருக்கிறார்கள். பிறகு காதுக்குப் பின்னால் வீக்கம், தலைவலி, காலையில் வாந்தி. பள்ளிக்குப் போகாமலிருக்க நடிக்கிறாள் என்று அடிகூட வாங்கியிருக்கிறாள். கடைசியில் எல்லாம் இரண்டிரண்டாகத் தெரிகிறது என்று சொன்ன பிறகுதான் ஸ்கேன். காதுக்குப் பின்னால் இருக்கும் எலும்பில் கிருமி புகுந்து, அதை ஒட்டி ஓடும் சிரையில் ரத்தம் உறைந்திருந்தது. முதலில் எடுத்த சாதாரண சி.டி. ஸ்கேனில் தெரியவில்லை. சிரையைத் தனியாகப் பார்த்தபோதுதான் தெரிந்தது. ரத்தசோகை இருந்தால், வயிற்றுப்போக்கில் நீர் வற்றினால், சிறுநீரில் புரதம் போகும் நோய் இருந்தால், ரத்தப் புற்றுநோய்க்குத் தரும் சில மருந்துகளாலும் பிள்ளைகளுக்கு இப்படி வரலாம் என்றார்கள். அந்தச் சிறுமியின் அம்மா என்னிடம் சொன்னது இதுதான்: "தலைவலிக்கின்னு சொல்லும்போ நான் நம்பியிருக்கணும்." நம்பியிருக்க வேண்டியது அவள் மட்டுமா?

ஆள் பற்றாக்குறை என்று உங்கள் கடிதத்தில் எழுதியிருக்கிறீர்கள். சிஸ்டர்கள் எவ்வளவு ஓடுகிறார்கள் என்பதைப் பார்த்திருக்கிறேன், அது பொய்யில்லை. வாரத்தில் இரண்டு காலை வேளைதான் அந்த அறை நடந்தது. அந்த நேரத்தை ஈடுகட்ட வேறு வழி தேடியிருக்கலாம். எங்களிடம் கேட்டிருக்கலாம். தாய்மார்கள் நாங்கள் சிலர் பதிவேடு எழுதவும் வரிசையைப் பார்த்துக்கொள்ளவும் வந்திருப்போம், இப்போதும் வருவோம். தாய்மார்களைப் பயமுறுத்தக் கூடாது என்றும் ஒரு வரி இருந்தது. பயம் எடை போட்டதால் வருவதில்லை. என்ன நடக்கிறது என்றே தெரியாமல் வீட்டில் உட்கார்ந்திருக்கும்போதுதான் வருகிறது.

நான் கேட்பது இவை.

அந்த அறையை இந்த ஆகஸ்டு மாதத்துக்குள் மறுபடி திறங்கள். வாரம் இரண்டு நாள் போதாது. உங்களிடம் பிறக்கும் ஒவ்வொரு பிள்ளையும் மூன்றாம் நாளோ நான்காம் நாளோ ஒரு தடவை தராசில் ஏற வேண்டும், எந்தக் கிழமையானாலும். வீட்டுக்கு அனுப்பும் நாளிலும் எடை போட்டுச் சீட்டில் எழுதுங்கள். பிறந்த எடையிலிருந்து எத்தனை சதவீதம் குறைந்திருக்கிறது என்ற கணக்கையும் பக்கத்திலேயே எழுதுங்கள். பத்தைத் தாண்டினால் அந்தப் பிள்ளை அன்றைக்கு மருத்துவர் பார்க்காமல் வெளியே போகக் கூடாது. யாரும் உட்கார்ந்து பார்க்காமல் "நன்றாகப் பால் குடிக்கிறது" என்று எந்தத் தாளிலும் எழுதாதீர்கள்.

கையில் கொடுத்தனுப்பும் சீட்டில் தடுப்பூசித் தேதிகளோடு நான்கு வரி தமிழில் அச்சிடுங்கள். நான்காம் நாளுக்கு மேல் ஒரு நாளில் எத்தனை துணி நனைய வேண்டும், செங்கல் நிறக் கறை எதைக் காட்டுகிறது, பாலுக்கு எழுப்பியும் எழும்பாத பிள்ளையை உடனே கொண்டுவர வேண்டும், கால் மிதிப்பது, உதடு சப்புவது, கண் ஒரு பக்கமாக நிற்பது வலிப்பாக இருக்கலாம். உறங்குகிற பிள்ளையை எழுப்ப வேண்டாம் என்று முதல் வாரத்தில் போனில் யாரும் சொல்லாதபடி வார்டில் இருப்பவர்களுக்குச் சொல்லிக்கொடுங்கள். பேறு முடிந்த பெண்ணின் செல்போன் எண்ணையும், அவள் அப்போது தங்கியிருக்கும் வீட்டையும் எழுதி, அந்தப் பகுதி சுகாதார நர்ஸுக்குத் தெரிவியுங்கள்.

ஒரு தாய் வீடியோவை நீட்டினால் போனைக் கையில் வாங்கிப் பாருங்கள். முழுவதும் பாருங்கள். காய்ச்சலோ காது ஒழுக்கோ இருக்கும் பிள்ளைக்குத் தலைவலியும் வாந்தியும் சேர்ந்தால் சிரையைப் பற்றி ஒரு தடவை யோசியுங்கள். சாதாரண ஸ்கேனில் ஒன்றும் இல்லை என்பதோடு நிறுத்தாதீர்கள்.

கடைசியாக, என் மகனின் கோப்பில் இருக்கும் டிஸ்சார்ஜ் சம்மரியைத் திருத்தித் தாருங்கள். அனுப்பிய அன்று எடை பார்க்கவில்லை, பால் குடிப்பதை யாரும் பார்க்கவில்லை என்று அதில் எழுதுங்கள். இதை வைத்து வழக்குப் போடும் எண்ணம் எனக்கில்லை. அடுத்து அந்தக் கோப்பை எடுக்கும் மருத்துவர் நடந்ததை அப்படியே படிக்க வேண்டும்.

அடுத்த செவ்வாய் தெரபிக்கு வருவோம். பத்து மணிக்கு அந்த அறை வாசலில் இருக்கும் பெஞ்சில் உட்கார்ந்திருப்பேன். உங்களில் யாராவது ஒருவர் வந்து பதில் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
2023 ஏப்ரலில் உங்களிடம் பிள்ளை பெற்ற ஒரு தாய்,
கன்னியாகுமரி மாவட்டம்